வடுப்படாத அடி: பூனை எலிக் கார்ட்டூன்களும் நகையின் அறமும்

துரத்துவதும் தப்புவதும் பற்றிய கதையில்லாத மக்கட் கூட்டம் உலகில் இல்லை. யாழ்ப்பாணத்துத் தீவகத்திற் பிறந்து வளரும் பிள்ளை அத்தகைய கதைகள் இரண்டினை இளமையிலேயே அறிந்துகொள்கிறது. ஒன்று மூத்தோர் வாயிலாகவும் கோயிற் சூழலாலும் வருவது; நயினாதீவுக் கடலிற் பூவேந்தி நீந்திய நாகத்தைக் கருடன் துரத்திய கதை அது. மற்றையது தொலைக்காட்சிப் பெட்டியின் வாயிலாக வருவது. ரொம் என்னும் பூனை ஜெரி என்னும் சுண்டெலியைத் துரத்தும் கதை அது. முன்னையதைக் கேட்கும் பிள்ளை கைகூப்புகிறது. பின்னையதைக் காணும் பிள்ளை வயிறு குலுங்கச் சிரிக்கிறது. இரண்டிலும் வலியது எளியதைத் துரத்துகிறது; இரண்டிலும் எளியது பிழைத்துக்கொள்கிறது. ஆயினும் ஒன்று வழிபாட்டிற்கும் மற்றையது நகைப்பிற்கும் உரியனவாயின. இவ்வேறுபாடு எதனால் எழுந்தது?

இது சிறுவர் பொழுதுபோக்கோடு அமைந்துவிடும் வினாவன்று. பிறிதோர் உயிர் அடிபடக் கண்டு சிரித்தல் தகுமா என்னும் அறவியல் வினா இதனுள் அடங்கியிருக்கிறது. பிறரோடு கலந்து நகைத்து மகிழத் தெரியாதவர்க்கு இப்பேருலகம் பகலிலும் இருண்டே கிடக்கும் என்பது பண்புடைமை அதிகாரத்தில் வள்ளுவர் உணர்த்தும் கருத்தாகும். எனவே நகையை முற்றாக விலக்குதல் தமிழர் கண்ட அறமாகாது. எந்த நகை தகும், எந்த நகை தகாது, தகும் நகைக்கும் எல்லை யாது என்பனவே ஆராயற்பாலன. பூனை எலிக் கார்ட்டூன்களையும் நயினாதீவுக் கதையையும் அருகருகே வைத்து நோக்கின் அவ்வெல்லை புலப்படும் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

முடிவுறாத ஓட்டம்

ரொம், ஜெரி ஆகிய பாத்திரங்களைப் படைத்தோர் வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பெரா என்னும் இருவராவர். அமெரிக்காவின் மெற்றோ கோல்ட்வின் மேயர் நிறுவனத்தின் கார்ட்டூன் பிரிவில் அவர்கள் ஆக்கிய முதற் பூனை எலிப் படம் 1940 ஆம் ஆண்டு பெப்ரவரியில் வெளிவந்தது. அப்படத்திற் பூனையின் பெயர் ஜஸ்பர். ரொம், ஜெரி என்னும் பெயர்கள் 1941 இல் வந்த இரண்டாவது படத்திலேயே அமைந்தன. 1958 வரை அவ்விருவரும் 114 குறும்படங்களை ஆக்கினர். அவற்றுள் ஏழு படங்கள் ஒஸ்கார் விருது பெற்றன. பின்னர் ஜீன் டைச் என்பார் பிராக் நகரிலிருந்து 13 படங்களையும், சக் ஜோன்ஸ் என்பார் 34 படங்களையும் 1967 வரையான காலத்திலே தொடர்ந்து உருவாக்கினர்.

இப்படங்களிற் பேச்சு மிகக் குறைவு. பூனையின் ஒவ்வோர் அடியையும் எலியின் ஒவ்வொரு துள்ளலையும் ஸ்கொட் பிராட்லியின் இசையே பேசிக்காட்டும். ஆதலின் மொழியெல்லை இவற்றுக்குத் தடையாகவில்லை. இலங்கையில் 1979 இற் சுயாதீனத் தொலைக்காட்சியும் 1982 இல் ரூபவாகினியும் தொடங்கியபின் தொலைக்காட்சி படிப்படியாக ஊர்தோறும் புகுந்தது. ஆங்கிலம் அறியாத சிறுவரும் இப்பூனையையும் எலியையும் தம் வீட்டு முற்றத்துப் பிராணிகள் போலவே அறிந்துகொண்டனர். இன்று அதே ஓட்டத்தைக் கைப்பேசித் திரையிலும் காண்கின்றனர்.

இவற்றில் வரும் நகைச்சுவை நிகழ்ச்சிகளைப் பட்டியலிட்டால் அப்பட்டியல் நீளாது. பொரிக்கும் தாச்சியால் அடிபட்ட பூனையின் முகம் தாச்சியின் வடிவத்தைப் பெறும். மேலிருந்து விழும் பியானோவின் கீழ் உடல் தட்டையாகும். எலிக்கு வைத்த பொறியிற் பூனையின் விரலோ வாலோ அகப்படும். நிலத்திற் கிடக்கும் குப்பைவாரியை மிதித்ததும் அதன் பிடி எழுந்து மூக்கிலே தாக்கும். திரி கொளுத்திய வெடி எறிந்தவன் கைக்கே திரும்பி வரும். இவையே சிற்சில மாற்றங்களுடன் படந்தோறும் நிகழ்கின்றன. அடுத்து யாது நேரும் என்பதைப் பார்ப்போர் முன்னரே அறிவர், அறிந்திருந்தும் சிரிக்கின்றனர். அறிந்திருப்பதனாலேயே சிரிக்கின்றனர் எனினும் பொருந்தும்.

இவ்வடிகளுக்கெல்லாம் பொதுவான ஓர் இயல்பு உண்டு. அடுத்த காட்சியில் அவற்றின் அடையாளம் எதுவும் இராது. நொறுங்கிய பல் முளைத்திருக்கும். கருகிய உரோமம் மினுங்கும். தட்டையான உடல் மீண்டும் திரண்டிருக்கும். ஏழு நிமிடப் படமொன்று வினாடிக்கு 24 சட்டகங்கள் வீதம் ஏறத்தாழப் பத்தாயிரம் சட்டகங்களைக் கொண்டது. அவற்றுள் ஒரு காயத்துக்கு ஒதுக்கப்படுவன மிகச் சிலவே. அவை கடந்ததும் காயமும் கடந்துவிடும். வடுவென்று ஒன்று அவ்வுலகில் இல்லை. இப்படங்களின் நகைக்கு அடிப்படையாவது இவ்வியல்பே.

நகை பிறக்குமிடம்

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் எண்வகை மெய்ப்பாடுகளுள் நகையையே முதலில் வைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கும் அது தோன்றும் நிலைக்களன்களாகும். பிறர் உணர்த்தியதை ஏற்று, ஏற்றதை எந்நிலையிலும் விடாது பற்றியிருத்தலே மடன் என உரையாசிரியர் விளக்குவர். ரொம் என்னும் பூனையின் இயல்பை இதனினும் செம்மையாக வரையறுத்தல் அரிது. 1944 இல் வெளிவந்து ஒஸ்கார் பெற்ற ‘மவுஸ் ட்ரபிள்’ என்னும் படத்திலே அப்பூனை எலி பிடிக்கும் வழிகளைக் கூறும் நூலொன்றைத் தருவித்து, அதில் உள்ளபடியே ஒவ்வொன்றாகச் செய்து பார்க்கிறது. ஒவ்வொரு வழியும் அதன்மீதே திரும்பி விழுகிறது. எனினும் நூலை அது நெடுநேரம் விடுவதில்லை. எலியைப் பிடிக்கும் எண்ணத்தையோ என்றுமே விடுவதில்லை.

மேலைத் தேயத்தார் கூறியவற்றுள் இரண்டு கருத்துக்கள் ஈண்டு நோக்கத்தக்கன. நகைப்பிற்குரிய குறை துன்பத்தையும் அழிவையும் விளைவிக்காத குறையாதல் வேண்டும் என்றார் அரிஸ்டோட்டில். உயிருள்ளது உயிரற்ற பொறிபோல் இயங்குங்கால் நகை பிறக்கிறது என்றும், நகைப்போரின் நெஞ்சு அக்கணத்தில் இரக்கம் மரத்துப்போக வேண்டும் என்றும் 1900 ஆம் ஆண்டில் வெளியிட்ட தம் நூலில் விளக்கினார் பிரெஞ்சு மெய்யியலாளர் ஹென்றி பெர்க்சன். திரும்பத் திரும்ப ஒரே வகையாகத் துரத்தி ஒரே வகையாக அடிபடும் பூனை பெர்க்சன் கூறிய பொறிக்குச் சிறந்த சான்றாகும்.

ஆயினும் அரிஸ்டோட்டிலின் கூற்று இங்கு முழுதும் பொருந்துமா என்பது ஐயத்திற்குரியது. ரொம்முக்குத் துன்பம் இல்லையென்று கூறவியலாது. அது வாய்விட்டு அலறுகிறது. அவ்வலறல் படைப்பாளருள் ஒருவராகிய வில்லியம் ஹன்னாவின் சொந்தக் குரலாகும்; விலங்கின் ஒலியன்று, மனிதனின் கூக்குரல். பார்ப்போர் சிரிப்பதும் அவ்வலறலைக் கேட்டே. ஆகவே அங்கு துன்பம் இருக்கிறது. இல்லாதது துன்பத்தின் எச்சமே. வலி உண்டு, வடு இல்லை. பெர்க்சன் கூறிய நெஞ்சின் மரப்பும் இதனாலேயே இயல்வதாகிறது. அடுத்த காட்சியிற் பூனை முழுமையாக எழுந்து வரும் என்னும் உறுதி இருப்பதால், பார்ப்போர் தம் இரக்கத்தைச் சிறிதுபொழுது ஒதுக்கி வைக்கத் துணிகின்றனர்.

பழைய பூனைகளும் பழைய எலிகளும்

தமிழ் மரபும் பூனை எலியைப் பலவாறு கண்டுள்ளது. பூனைக்கு விளையாட்டு, எலிக்குச் சீவன் போகிறது என்பது பழமொழி. ஒரே நிகழ்ச்சியை இரு பக்கங்களிலிருந்து நோக்கும் கூற்று இது. விளையாட்டென்று கருதுவோன் வலியோன். உயிர் இழப்போன் எளியோன். இப்பழமொழியிற் சிரிப்பில்லை. இதில் வரும் எலி ஒருமுறை இறந்தால் மீண்டெழாது.

மாமல்லபுரத்திற் பல்லவர் காலத்துப் பெரும் பாறைச் சிற்பத்தில் ஒரு பூனை முன்னங்கால்களை உயர்த்தி நின்று தவஞ் செய்கிறது. அதனைச் சுற்றி எலிகள் காணப்படுகின்றன. பொய்த்தவம் பூண்ட பூனையை நம்பி எலிகள் அழிந்த கதை மகாபாரதத்திலும் உண்டு. சிற்பியின் நகை இங்கு எள்ளலின்பாற் பட்டது. பூனையின் வேடத்தைக் கண்டு முகிழ்க்கும் சிரிப்பு, எலிகளுக்கு நேரப்போவதை எண்ணியதும் அடங்கிவிடும்.

மகாபாரதத்துச் சாந்தி பருவத்திற் பீடுமர் தருமனுக்குக் கூறும் கதை இன்னும் ஆழமானது. வேடனின் வலையிற் பூனையொன்று சிக்குண்டது. கீரியும் ஆந்தையும் தன்னைக் கொல்லக் காத்திருப்பதைக் கண்ட எலி அப்பூனையின் அருகே அடைக்கலம் புகுந்து, வலையை அறுத்து விடுவதாக உடன்பட்டது. ஆனால் வேடன் அணுகும் இறுதிக் கணம் வரையும் கடைசிக் கயிற்றை அது அறுக்கவில்லை. ஆபத்து நீங்கியபின் நட்புப் பாராட்டி அழைத்த பூனையிடம் செல்லவும் மறுத்துவிட்டது. உயிர் ஒன்றேயாகையால் எலி கணக்குப் பார்க்கிறது. உயிர் எண்ணிறந்தனவாயின் அதற்குக் கணக்கு வேண்டியதில்லை. ஜெரி கணக்குப் பார்ப்பதில்லை; உறங்கும் பூனையைத் தானே தட்டியெழுப்பி ஓடத் தொடங்குவதும் உண்டு.

திரையைக் கடக்கும் வடு

எளியது வலியதை வெல்வதனாலேயே இப்படங்கள் நகை விளைவிக்கின்றன என்பாரும் உளர். இது பாதி உண்மையே. முதற்படத்திலேயே பூனை முழுமையான வலியோனாக அமையவில்லை. இன்னுமொரு பொருளை உடைத்தால் வீட்டைவிட்டு வெளியேற்றப்படுவாய் என்று வீட்டுப் பணிப்பெண் அதனை எச்சரிக்கிறாள். அதனைக் கேட்ட எலி கண்ணாடிப் பாத்திரங்களை விளிம்பிலே தூக்கிப் பிடித்து நிற்கிறது, பூனை அடங்கிப்போகிறது. எனவே துரத்துவோனும் ஓர் எசமானுக்கு அஞ்சி வாழ்பவனே. எலியைப் பிடிப்பது அவனுக்கு உணவுமட்டுமன்று, குடியிருப்புரிமையுமாகும். எலியும் எப்பொழுதும் குற்றமற்றதன்று. இவ்வாறு இருபாலும் குறையும் நியாயமும் கலந்திருப்பதால், அடிபடுவது யாராயினும் சிரிப்பது பார்ப்போர்க்கு எளிதாகிறது.

ஆனால் அவ்வீட்டிற் கால்களும் குரலும் மட்டுமே காட்டப்பட்டு, முகம் பெரும்பாலும் மறைக்கப்பட்ட அப்பணிப்பெண் ஒரு கறுப்பினத்தவள். அவளுடைய பேச்சும் நடையும், வெடி வெடித்ததும் கருகிப்போன முகங்களை அவ்வினத்தார் முகங்கள் போல வரைந்து சிரிப்பூட்டிய காட்சிகளும், அக்கால அமெரிக்க வெள்ளையர் கறுப்பினத்தாரைப் பற்றிக் கொண்டிருந்த இழிவான எண்ணத்தின் வெளிப்பாடுகளாம். பிற்காலத்தில் தொலைக்காட்சிக்கென அத்தகைய காட்சிகள் பல திருத்தப்பட்டன அல்லது நீக்கப்பட்டன. காரணம் தெளிவு. பூனையின் முகத்திற் பட்ட கரி அடுத்த காட்சியில் மறைந்துவிடும். அக்கரியைக் காட்டி இகழப்பட்ட மக்களோ திரைக்கு வெளியே வாழ்ந்தனர். அவர்கள்பாற் பட்ட இகழ்ச்சி அடுத்த காட்சியில் மறையவில்லை. தாச்சியால் முகம் தட்டையாவதும் ஓரினத்தை எள்ளுவதும் ஒரே படத்தில் ஒரே நிமிடத்தில் நிகழலாம். அறத்தின்பால் அவை இரண்டும் ஒன்றல்ல. முன்னையதில் வடு எவர்க்கும் இல்லை. பின்னையதில் வடு திரையைக் கடந்து சென்று உயிருள்ள மனிதரிடம் தங்குகிறது.

வடு திரையைக் கடக்கும் மற்றொரு வழியும் உண்டு. அமெரிக்க உளவியலாளர் அல்பேர்ட் பண்டூராவும் அவர்தம் துணைவரும் 1963 இல் வெளியிட்ட ஆய்வொன்றிற் பாலர் பள்ளிப் பிள்ளைகளுக்கு மூவகையாக வன்செயல் காட்டப்பட்டது. ஒரு பகுதியினர் நேரிலும், ஒரு பகுதியினர் திரைப்படத்திலும் ஒருவர் ஊதிய பொம்மையை அடிப்பதைக் கண்டனர். மற்றொரு பகுதியினர் கறுப்புப் பூனை வேடமணிந்த ஒருவர் அதனையே செய்வதைக் கார்ட்டூன் போன்ற படத்திற் கண்டனர். மூவகைப் பிள்ளைகளும் எதனையும் காணாத பிள்ளைகளைவிடப் பின்னர் மிகுதியாக வன்செயல் புரிந்தனர். பார்த்ததும் பின்பற்றும் குழந்தையின் இயல்பை இது காட்டுகிறது. ஆயினும் பூனைப் படம் பார்த்தோரெல்லாம் வளர்ந்து கொடியவராயினர் என இதனாற் பெறப்படாது. இவ்வாய்வாற் பெறப்படும் அறவியற் பொருள் வேறு. வடுவில்லாத உலகம் இது, இதன் விதி இங்கு மட்டுமே செல்லும் என்பதைக் குழந்தைக்குக் கற்பிக்க வேண்டியோர் வளர்ந்தோர். வளர்ந்தோரே அதனை மறந்துவிட்டால் யார் கற்பிப்பது?

நகை நிற்குமிடம்

இப்படங்களை ஆக்கியோரும் தம் உலகின் எல்லையை அறிந்தேயிருந்தனர். அவர்களுடைய படங்கள் மூன்று இதற்குச் சான்றாகும்.

1941 இல் வந்த ‘த நைற் பிஃபோர் கிறிஸ்மஸ்’ என்னும் படத்திற் பூனை எலியைப் பனி கொட்டும் இரவில் வெளியே தள்ளிக் கதவடைக்கிறது. பிற படங்களில் வெடியாலும் சுத்தியலாலும் சாகாத எலி இங்கு குளிரால் உறைந்துபோகிறது. அக்கணத்திற் சிரிப்பு நின்றுவிடுகிறது. பூனை அமைதியிழந்து கதவைத் திறந்து, உறைந்து கிடந்த எலியை எடுத்துவந்து தீயருகே வைத்து உயிர்ப்பிக்கிறது. பின்னர் பூனையின் பாற்கிண்ணத்துள் தான் மறைத்து வைத்திருந்த பொறியை எலி தானே எடுத்து அகற்றுகிறது.

1949 இல் வந்த ‘ஹெவன்லி புஸ்’ என்னும் படத்தில் பியானோவின் கீழ் நசுங்கிய பூனை மெய்யாகவே இறந்து விண்ணுலக வாயிலை அடைகிறது. வாழ்நாளெல்லாம் ஓர் எலியை வருத்தியதனால் அதற்கு அனுமதி மறுக்கப்படுகிறது. குறித்த பொழுதுக்குள் எலியிடம் மன்னிப்புப் பத்திரமொன்றிற் கையொப்பம் பெற்று வந்தால் மட்டுமே உள்ளே செல்லலாம். எலி இணங்கிக் கையொப்பமிடும்போது காலங் கடந்துவிடுகிறது. யாவும் கனவென்று அறிந்து விழித்த பூனை ஓடிச்சென்று எலியைத் தழுவிக்கொள்கிறது. மன்னிக்கும் உரிமை விண்ணுலக வாயில் காப்போனுக்கும் இல்லை என்பது இங்கு கருதத்தக்கது. அவ்வுரிமை அடிபட்டதன் கையிலேயே இருக்கிறது.

மூன்றாவது 1948 இல் வந்த ‘த ட்ரூஸ் ஹேர்ட்ஸ்’ என்னும் படம். பூனையும் எலியும் நாயும் ஒருவரையொருவர் அடித்துக் களைத்தபின் சமாதான ஒப்பந்தம் எழுதிக் கையொப்பமிடுகின்றன. சிறிதுபொழுது ஒற்றுமை நிலவுகிறது. பெரியதோர் இறைச்சித் துண்டு கிடைத்ததும் பங்கு பற்றிய பூசல் எழுகிறது. இறைச்சியும் ஒருவர்க்கும் கிட்டாது போகிறது. ஒப்பந்தத் தாள் கிழிபடுகிறது. பழைய சண்டை தொடங்குகிறது. இதைக் கண்டு பார்ப்போர் சிரிக்கின்றனர். ஏனெனில் இங்கு எவரும் எதையும் இழக்கவில்லை. இழக்காதோர் சமாதானத்தைப் பேண வேண்டிய கட்டாயமும் இல்லை.

இம்மூன்றையும் ஒப்புநோக்கின் ஓர் உண்மை தெளிவாகும். சாவு மெய்யாகும் இரண்டு படங்களிலும் மன்னிப்பும் இரக்கமும் தோன்றுகின்றன. காயம் தங்காத மூன்றாவது படத்திற் சமாதானம் வெறுந்தாளாகவே முடிகிறது. வடுவில்லாத உலகில் மன்னிப்புக்கு இடமில்லை. அங்கு மன்னிக்க எதுவும் இல்லை. எனவே அவ்வுலகின் ஓட்டம் முடிவதற்குக் காரணமும் இல்லை.

பாம்பு சுற்றிய கல்

தீவகப் பிள்ளை அறிந்த மற்றைய கதையை இனி நோக்கலாம். நயினாதீவு நாகபூசணி அம்மன் கோயிலின் தோற்றம் பற்றி வழிவழியாகச் சொல்லப்படும் கதை பின்வருமாறு அமைகிறது. அம்பிகையின் பூசைக்கென நாகமொன்று புளியந்தீவிலிருந்து வாயிற் பூவைக் கவ்விக் கடலில் நீந்தி வந்தது. அதனைக் கண்ட கருடன் கொல்ல விரைந்தது. நாகம் கடலில் நின்ற பாறையொன்றைச் சுற்றிக்கொண்டது. கருடன் மற்றொரு பாறையில் அமர்ந்து காத்திருந்தது. அவ்வழியே மரக்கலத்தில் வந்த சோழநாட்டு வணிகன் ஒருவன் நாகத்தை விட்டுவிடுமாறு கருடனை வேண்டினான். அம்பிகைக்குக் கோயில் எடுப்பதாக அவன் வாக்களித்தால் விடுவதாகக் கருடன் கூறிற்று. வணிகன் உடன்பட்டுத் தன் பொருளைக் கொண்டு கோயிலைக் கட்டினான். கருடனும் நாகத்துக்கு இழைத்த தீங்குக்குக் கழுவாயாக மும்முறை கடலில் மூழ்கி எழுந்தது. அப்பாறைகள் நயினாதீவுக் கடலில் இன்றும் பாம்பு சுற்றிய கல், கருடன் கல் எனப் பெயர் பெற்று நிற்கின்றன.

இதிலும் துரத்துவோன் வெறுங் கொடியவன் அல்லன். கருடனின் தாயாகிய வினதை, நாகங்களின் தாயாகிய கத்துருவுக்கு அடிமையாயிருந்தாள் என்பது புராண வரலாறு. கருடனின் சினத்துக்குப் பின்னால் ஒரு தாயின் துயர் உண்டு. பணிப்பெண்ணுக்கு அஞ்சிய ரொம் போலவே இதற்கும் ஒரு காரணம் இருந்தது. ஆயினும் இரண்டு கதைகளின் முடிபும் ஒன்றன்று. கார்ட்டூனில் மூன்றாமவனாக வரும் நாய் பூனையை அடிக்கிறது. அடியோடு அடி கூடுகிறதேயன்றிப் பகை தீர்வதில்லை. நயினாதீவுக் கதையில் மூன்றாமவன் தன் பொருளைச் செலவிடுகிறான். துரத்தியவன் தன் தவற்றை ஏற்று நீராடுகிறான். துரத்தப்பட்டவன் தான் தொடங்கிய பூசையைத் தொடர்கிறான். மூவர்க்கும் ஒவ்வொரு கடமை உண்டு. அக்கடமைகள் நிறைவேறியபின்னரே ஓட்டம் நிற்கிறது.

இத்தீவு தொடர்பாக வழங்கும் மற்றொரு கதையும் இதே பொருளினது. மணி பதித்த ஆசனம் ஒன்றுக்காக மகோதரன், சூளோதரன் என்னும் நாக அரசர் இருவர், மாமனும் மருகனுமாயிருந்தும் போரிட்டனர் என்றும், புத்தர் நாகதீபத்துக்கு வந்து அவர்களைச் சமாதானப்படுத்தினார் என்றும் மகாவம்சம் கூறும். மணிமேகலைக் காப்பியத்திலும் மணிபல்லவத் தீவில் நாக நாட்டரசர் இருவர் பீடிகைக்காகப் போரிட்ட செய்தி வருகிறது. மணிபல்லவம் நயினாதீவே எனக் கொள்வாரும் உளர். சைவரும் பௌத்தரும் வழிபடும் அச்சிறு தீவில் இரு சமயத்தாரும் பேணிவரும் பழங்கதைகள் இரண்டும் ஒரு பகை முடிந்ததைப் பற்றியனவாகவே அமைந்தமை சிந்திக்கத்தக்கது.

அக்கற்கள் அங்கேயே நிற்பதும் பொருளுடையது. பகை தீர்ந்தது, ஆனால் பகை நிகழ்ந்த இடம் மறைக்கப்படவில்லை. நாகம் அஞ்சிச் சுற்றிய பாறைக்கு அவ்வச்சத்தாலேயே பெயர் வந்தது. மன்னித்தல் என்பது வடுவை அழித்தலாகாது. வடு இருக்கவே ஓட்டம் நிற்றலாகும்.

கார்ட்டூனின் விதியும் வாழ்வின் விதியும்

இவ்வாராய்ச்சி ஏட்டளவில் நிற்பதன்று. தீவக மக்களின் வாழ்வு அண்மைக்காலத்தில் ஆழ்ந்த வடுக்களைப் பெற்றது. 1985 மே 15 ஆம் திகதி நெடுந்தீவிலிருந்து குறிகட்டுவான் நோக்கிச் சென்ற குமுதினிப் படகிற் பொதுமக்கள் பலர் கொல்லப்பட்டனர். அவர்கள் ஆண்டுதோறும் நினைவுகூரப்படுகின்றனர். 1990 களின் தொடக்கத்திலே தீவகத்தார் பெருந்தொகையினர் தம் ஊர்களை விட்டு இடம்பெயர்ந்தனர். இத்தகைய மண்ணிற் பிறந்தோர் அடிதடிக் காட்சிகளைக் கண்டு சிரித்தல் தகுமா என்று ஒருவர் வினவலாம். தகும் என்பதே விடையாகும். உடைந்த உடல் அடுத்த கணமே முழுமையடையும் ஓர் உலகை ஏழு நிமிடம் காண்பது, உடைந்தது கூடாத உலகில் வாழ்வோர்க்கு ஓர் இளைப்பாறுதல். அச்சிரிப்பில் எவரையும் இகழ்தல் இல்லை.

தகாதது வேறொன்று. கார்ட்டூனின் விதியை மனித வாழ்விற்கு ஏற்றுதலே அது. அஃது இருவகையாக நிகழ்கிறது. முதலாவது, காட்சி மாறிவிட்டது, இனிப் பழையதைப் பேசாதீர் என்று அடிபட்டோரை நோக்கிக் கூறுதல். இது மனிதரைத் தாச்சியால் அடிபட்டும் முகம் மாறாத பூனைகளாகக் கருதுவதாகும். இரண்டாவது, அடிக்கு அடி என்று முடிவின்றி ஓடிக்கொண்டேயிருத்தல். இதுவும் மனிதனைப் பொறியாக்கும் செயலே. மறக்குமாறு வற்புறுத்துவோரும் பழிவாங்கத் துடிப்போரும் ஒருவருக்கொருவர் எதிரானவர் போலத் தோன்றுவர். வடுவின் பொருளை உணராமையில் அவ்விருவரும் ஒருவரே.

இடுக்கண் அழியாமை என்னும் அதிகாரத்திலே, துன்பம் நேர்ந்தால் அதனைச் சிரித்து எதிர்கொள்ளுமாறு வள்ளுவர் அறிவுறுத்தினார். அவர் கூறியது தனக்கு நேர்ந்த துன்பத்தைப் பற்றியது. பிறர்க்கு நேர்ந்ததைப் பற்றியதன்று. தன் வடுவைக் கண்டு ஒருவன் சிரித்தால் அது ஆண்மை. அவனுடைய வடுவைக் கண்டு பிறன் சிரித்தால் அது கொடுமை. எவர்க்கும் வடு இல்லாதவிடத்து எல்லாரும் கூடிச் சிரித்தால் அது விளையாட்டு. பூனை எலிக் கார்ட்டூன்களின் நகை இம்மூன்றாவது வகையைச் சார்ந்தது. கறுப்பினப் பணிப்பெண்ணைக் கொண்டு எழுப்பிய நகை இரண்டாவது வகையைச் சார்ந்தது. நகையின் தகுதியை அளக்கும் கோல், காட்சி முடிந்தபின் வடு எவரிடம் தங்குகிறது என்னும் வினாவேயாகும்.

ஆகவே தீவகத்துப் பிள்ளை ரொம், ஜெரி படங்களைக் கண்டு சிரிக்கட்டும். அப்பிள்ளைக்குப் பாம்பு சுற்றிய கல்லின் கதையும் சொல்லப்பட வேண்டும். அடிபட்டும் எழுந்தோடும் மகிழ்ச்சியை முன்னையது தரும். மெய்யாக அடிபட்டோர் நடுவே வாழும் முறையைப் பின்னையதே கற்பிக்கும். அங்கே துரத்தியவன் நீராட வேண்டும். இடையில் வருபவன் தன் கைப்பொருளை ஈய வேண்டும். கல் நின்ற இடத்திலேயே நிற்க வேண்டும். இவற்றுள் ஒன்று குறையினும் பகை தீர்ந்ததாகாது.